கிளமோர்கன்: நிலக்கரி எழுதிய வரலாறு
(போட்டித் தேர்வுக்கான முக்கியக் குறிப்புகள்)

தொழிற்புரட்சி என்றதும் மான்செஸ்டரும் லங்காஷயரும்தான் நினைவுக்கு வரும். டிரெவிதிக்கின் நீராவி வண்டி, டாஃப் வேல் வழக்கு, சென்கெனித் சுரங்க விபத்து, அபர்வான் பேரழிவு ஆகியவற்றைத் தனித்தனித் துணுக்குகளாக மனப்பாடம் செய்வோம். இவை நான்குக்கும் களம் ஒன்றே: தெற்கு வேல்ஸின் கிளமோர்கன். அங்குள்ள பாறை அமைப்பையும் ஆறுகள் ஓடும் திசையையும் முதலில் பிடித்துக்கொண்டால், எது முன்பு, எது பின்பு, ஏன் என்பது விளங்கும். ஆண்டுகளும் வரிசையில் நிற்கும்.

1. அடிப்படைத் தகவல்கள்

• வேல்ஸின் 13 வரலாற்று மாவட்டங்களுள் (கவுண்டி) ஒன்று. வேல்ஷ் மொழியில் மோர்கனுக்.
• தலைநகர்: கார்டிஃப். பிற முக்கிய ஊர்கள்: சுவான்சீ, மெர்தர் டிட்வில், நீத், போர்ட் டால்பட், பேரி, பான்டிப்ரித், கேர்ஃபிலி.
• எல்லைகள்: தெற்கில் பிரிஸ்டல் கால்வாய், வடக்கில் பிரெக்நாக்‌ஷயர், கிழக்கில் ரிம்னி ஆற்றைத் தாண்டி மான்மத்ஷயர், மேற்கில் லஹர் ஆற்றைத் தாண்டி கார்மார்தன்ஷயர்.
• மிக உயர்ந்த இடம்: கிரெய்க் அ லின், 600 மீட்டர்.
• மக்கள்தொகை: 1801இல் சுமார் 71,000. 1911இல் 11 லட்சத்தைத் தாண்டியது. இந்த நூற்றுப்பத்து ஆண்டுகளில் நடந்ததுதான் கிளமோர்கன் வரலாற்றின் மையப்பகுதி.

2. இயற்கைப் பிரிவுகள் மூன்று

(அ) வடக்கு மேட்டுநிலம் (ப்ளைனை)
• மணற்கல் மலைகளும், அவற்றை அறுத்துக்கொண்டு தெற்கு நோக்கி இறங்கும் ஒடுங்கிய பள்ளத்தாக்குகளும் கொண்டது. நிலக்கரியின் பெரும்பகுதி இருப்பது இங்கேதான்.
• பள்ளத்தாக்கின் அடியில் ஆறு, சாலை, ரயில்பாதை, சுரங்கம் ஆகியவற்றுக்கே இடம் போதாது. அதனால் வீடுகள் மலைச்சரிவில் ஒன்றையொன்று ஒட்டி நீண்ட வரிசைகளாகக் கட்டப்பட்டன. ஒரு பள்ளத்தாக்கிலிருந்து அடுத்ததற்குப் போக மலையேறி இறங்க வேண்டும். இந்த அமைப்பே ஒவ்வொரு பள்ளத்தாக்குக்கும் தனி அடையாளத்தைக் கொடுத்தது.

(ஆ) கிளமோர்கன் சமவெளி (வேல் ஆஃப் கிளமோர்கன்)
• தெற்கில் உள்ள சுண்ணாம்புக்கல் நிலம். மண்வளம் மிக்கது, வேளாண்மைப் பகுதி. நார்மானியர் முதலில் பிடித்தது இதைத்தான்.
• இதன் கடற்கரையில் சுண்ணாம்புக்கல்லும் களிப்பாறையும் மாறிமாறி அடுக்கடுக்காகத் தெரியும் செங்குத்துப் பாறைகள் உள்ளன. ஜுராசிக் காலத்தவை. இது 'கிளமோர்கன் பாரம்பரியக் கடற்கரை'.

(இ) கௌவர் தீபகற்பம்
• சுவான்சீக்கு மேற்கே உள்ளது. தென் கரையில் சுண்ணாம்புக்கல் குகைகள் உண்டு.
• 1956இல், பிரிட்டனிலேயே முதன்முதலாக 'சிறப்புமிக்க இயற்கை எழில் பகுதி' என அறிவிக்கப்பட்ட இடம்.

ஆறுகள்
• முதன்மை ஆறு டாஃப். பிரெக்கன் மலைகளில் தோன்றும் பெரிய டாஃப், சிறிய டாஃப் இரண்டும் மெர்தர் அருகே கூடி, கார்டிஃபில் கடலை அடைகின்றன.
• டாஃபின் துணையாறுகள்: கனன் (கூடுமிடம் அபர்கனன்), ரோண்டா (கூடுமிடம் பான்டிப்ரித்).
• டாவே ஆறு சுவான்சீயிலும், நீத் ஆறு நீத் நகருக்குக் கீழேயும், அவான் ஆறு போர்ட் டால்பட்டிலும் கடலில் கலக்கின்றன.
• பிரிஸ்டல் கால்வாயும் அதை ஒட்டிய செவர்ன் முகத்துவாரமும் உலகிலேயே ஓத வேறுபாடு மிக அதிகமான நீர்ப்பகுதிகளுள் அடங்கும். வற்றுக் கடலில் கப்பல் சேற்றில் அமர்ந்துவிடும். எனவே மதகு வைத்த கப்பல்துறைகள் இல்லாமல் இங்கே பெரிய வணிகம் சாத்தியமில்லை.

3. நிலக்கரிப் படுகை: இதைப் படிக்காமல் மேலே போக வேண்டாம்

• தெற்கு வேல்ஸ் நிலக்கரிப் படுகை கார்போனிஃபெரஸ் காலத்தது. நடுவில் குழிந்து விளிம்பில் உயர்ந்த தாம்பாளம் போன்ற கீழ்வளைவு மடிப்பு.
• விளிம்பில் அடுக்குகள் தரைமட்டத்தில் தலைகாட்டும். நடுவில் ஆழத்தில் கிடக்கும்.
• வடக்கு விளிம்பு: நிலக்கரி, இரும்புக்கல், சுண்ணாம்புக்கல் மூன்றும் அருகருகே, எளிதில் தோண்டும் ஆழத்தில் கிடைத்தன. எனவே 18ஆம் நூற்றாண்டிலேயே இங்கு இரும்பாலைகள் வந்தன.
• நடுப்பகுதி (ரோண்டா, கனன்): ஆழத்தில் நீராவி நிலக்கரி. ஆழக்குழி தோண்டும் தொழில்நுட்பமும் ரயிலும் வந்த பிறகே இது கைக்கு எட்டியது. எனவே இது 19ஆம் நூற்றாண்டின் கதை.
• மேற்குப் பகுதி: ஆந்த்ரசைட் வகை. கடினமானது, கார்பன் மிகுந்தது.
• தென்மேற்கு (சுவான்சீ, நீத்): நிலக்கரி அடுக்குகள் கடலோரத்தை ஒட்டியே இருந்ததால் செம்பு உருக்கு ஆலைகள் இங்கு அமைந்தன.

நினைவில் கொள்க: வடக்கில் இரும்பு, மேற்கில் செம்பு, நடுவில் நீராவி நிலக்கரி, தெற்கில் துறைமுகம்.

4. தொல்பழங்காலமும் ரோமர் காலமும்

• கௌவரின் பாவிலாண்ட் குகையில் 1823இல் வில்லியம் பக்லாண்ட் ஓர் எலும்புக்கூட்டைக் கண்டெடுத்தார். எலும்புகளில் செங்காவி படிந்திருந்தது. அவர் அதை ரோமர் காலப் பெண் என்று கருதினார். 'பாவிலாண்டின் சிவப்புப் பெண்மணி' என்ற பெயர் நிலைத்தது. உண்மையில் அது ஓர் இளைஞனின் உடல். காலம் சுமார் 33,000 ஆண்டுகளுக்கு முன்.
• கிரெய்க் அ லின் மலையடியில் உள்ள லின் வவுர் ஏரியில் வெண்கலப் பொருள்களும் இரும்புப் பொருள்களும் சேர்ந்து கிடைத்தன. அவற்றில் ஓர் இரும்பு அரிவாள், வெண்கல அரிவாளின் வடிவத்தை அப்படியே பின்பற்றிச் செய்யப்பட்டது. வெண்கலக் காலம் இரும்புக் காலமாக மாறும் கட்டத்தை நேரில் காட்டும் பொருள் இது.
• ரோமரை எதிர்த்த பழங்குடி: சிலூரியர். இவர்களை அடக்கிய ரோம ஆளுநர்: ஃப்ரான்டினஸ் (கி.பி. 70களில்).
• கார்டிஃபிலும் நீத்திலும் ரோமக் கோட்டைகள் இருந்தன. நீத்தின் ரோமப் பெயர் நிடும்.

5. இடைக்காலம்

• லான்ட்விட் மேஜர்: புனித இல்டுட் பெயரால் அமைந்த மடம், தொடக்ககாலக் கிறிஸ்தவக் கல்வி மையம்.
• 11ஆம் நூற்றாண்டின் இறுதியில் ராபர்ட் ஃபிட்ஸ்ஹேமன் என்ற நார்மானியப் பிரபு சமவெளியைக் கைப்பற்றினார். கிளமோர்கன் ஓர் எல்லைப்புறப் பிரபுநாடு ஆயிற்று. அதாவது பிரபுவே தன் நீதிமன்றத்தையும் நிர்வாகத்தையும் நடத்துவார். இங்கிலாந்து மன்னரின் ஆணை அங்கே நேரடியாகச் செல்லாது.
• மலைப்பகுதி வேல்ஷ் தலைவர்களிடமே நீடித்தது. 1158இல் அவர்களுள் ஒருவரான ஐவர் பாக், கார்டிஃப் கோட்டைக்குள் புகுந்து பிரபு வில்லியமைக் குடும்பத்தோடு கடத்திச் சென்றார். பறித்த நிலம் திரும்பிய பிறகே விடுவித்தார்.
• மடங்கள்: நீத் (1130), மார்கம் (1147).
• கேர்ஃபிலி கோட்டை: 1268இல் கில்பர்ட் டி கிளேர் தொடங்கினார். வடக்கிலிருந்து வந்த லூவெலின் ஆப் கிரிஃபித்தைத் தடுப்பதே நோக்கம். 1270இல் லூவெலின் படை கட்டுமானத்தைத் தாக்கியது. பணி மீண்டும் தொடங்கியது. சுற்றுமதிலுக்குள் சுற்றுமதில், சுற்றிலும் செயற்கை ஏரிகள். பரப்பளவில் பிரிட்டனில் வின்ட்சருக்கு அடுத்த பெரிய கோட்டை. இதன் தென்கிழக்குக் கோபுரம் சாய்ந்த நிலையில் இன்றும் நிற்கிறது.
• 1316: லூவெலின் பிரென் கிளர்ச்சி. 1318இல் கார்டிஃபில் அவர் கொல்லப்பட்டார்.
• 1404: ஓவைன் கிளின்டூர் படைகள் கார்டிஃபை எரித்தன.
• 1536: எட்டாம் ஹென்றியின் இணைப்புச் சட்டத்தால் எல்லைப்புறப் பிரபுநாட்டு முறை முடிவுக்கு வந்தது. கௌவரும் சேர்த்துக் கிளமோர்கன் மாவட்டம் உருவானது.
• 8 மே 1648: செயின்ட் ஃபேகன்ஸ் போர். இரண்டாம் உள்நாட்டுப் போரில் நாடாளுமன்றப் படை வென்றது.

6. இரும்பு: மெர்தர் டிட்வில்

• நான்கு பெரிய ஆலைகள்: டவ்லைஸ் (1759), பிளிமத் (1763), கவார்த்வா (1765), பெனிடேரன் (1784).
• 1801 கணக்கெடுப்பில் மெர்தர் 7,705 பேர். வேல்ஸின் மிகப் பெரிய ஊர். அதே கணக்கில் கார்டிஃப் வெறும் 1,870 பேர். இந்த ஒப்பீடு முக்கியம்.
• கிளமோர்கன்ஷயர் கால்வாய்: 1794இல் மெர்தர்–கார்டிஃப் திறப்பு. சுமார் 40 கி.மீ.; இறக்கம் அதிகம் என்பதால் ஏறக்குறைய 50 மதகுகள். மேல்பகுதியில் படகு நெரிசல் மிகுந்ததால், குதிரை இழுக்கும் தண்டவாளப் பாதை ஒன்று பெனிடேரனிலிருந்து அபர்கனன் வரை போடப்பட்டது.
• 21 பிப்ரவரி 1804: இந்தப் பாதையில்தான் ரிச்சர்ட் டிரெவிதிக்கின் நீராவி வண்டி ஓடியது. 10 டன் இரும்பு, 5 பெட்டிகள், சுமார் 70 பேர். தண்டவாளத்தில் ஓடிச் சரக்கு இழுத்த முதல் நீராவி வண்டி. பெனிடேரன் முதலாளி சாமுவேல் ஹோம்ஃப்ரே, கவார்த்வா முதலாளி ரிச்சர்ட் கிராஷேயிடம் 500 கினி பந்தயம் கட்டியிருந்தார். வண்டி ஓடியது, ஆனால் அதன் எடை தாங்காமல் வார்ப்பிரும்புத் தண்டவாளங்கள் உடைந்தன. எனவே குதிரைகளே மீண்டும் வந்தன.
• ஜூன் 1831: மெர்தர் எழுச்சி. கூலிக் குறைப்பும் கடன் ஜப்தியும் காரணங்கள். பிரிட்டனில் தொழிலாளர் போராட்டச் சின்னமாகச் செங்கொடி உயர்ந்த தொடக்க நிகழ்வுகளுள் ஒன்றாகக் கூறப்படுகிறது. 13 ஆகஸ்ட் 1831இல் டிக் பென்டெரின் (இயற்பெயர் ரிச்சர்ட் லூயிஸ்) கார்டிஃபில் தூக்கிலிடப்பட்டார்.
• 1840களில் டவ்லைஸ் உலகின் மிகப் பெரிய இரும்பாலையாக இருந்தது. அதன் உரிமையாளர் குடும்பத்தைச் சேர்ந்த சார்லட் கெஸ்ட், 'மபினோகியன்' என்ற வேல்ஷ் இடைக்காலக் கதைத் தொகுப்பை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார்.
• ஏன் தேய்ந்தது? பெஸ்ஸமர் முறை எஃகுக்குப் பாஸ்பரஸ் குறைந்த தாது தேவை. உள்ளூர்த் தாது ஒத்துவரவில்லை. ஸ்பெயினிலிருந்து கப்பலில் தாது வந்தது. அதை மலைமேல் ஏற்றுவதைவிடக் கடலோரத்தில் ஆலை வைப்பது லாபம். 1891இல் டவ்லைஸ் நிறுவனமே கார்டிஃப் கரையில் புதிய ஆலையைத் திறந்தது.

7. செம்பு: சுவான்சீ

• 1584இல் நீத் அருகே செம்பு உருக்குதல் தொடங்கியது. 1717இல் சுவான்சீ பள்ளத்தாக்கின் முதல் ஆலை.
• செம்புத்தாது இங்கே கிடையாது. தாதுவைவிடப் பல மடங்கு எடை நிலக்கரி எரிக்க வேண்டியிருந்ததால், நிலக்கரி இருக்கும் இடத்துக்குத் தாது வந்தது. முதலில் கார்ன்வால், ஆங்கிள்சீ; பின்னர் கியூபா, சிலி.
• 1810: விவியன் குடும்பத்தின் ஹாஃபோட் ஆலை. 19ஆம் நூற்றாண்டில் சுவான்சீ 'காப்பரோபொலிஸ்' (செம்பு மாநகர்) எனப்பட்டது.
• 25 மார்ச் 1807: சுவான்சீ–மம்பிள்ஸ் குதிரை ரயில். கட்டணம் செலுத்திய பயணிகளை ஏற்றிய உலகின் முதல் ரயில்பாதை.

8. நிலக்கரி, ரயில், துறைமுகம்

• 1839: இரண்டாம் பியூட் பிரபு தன் செலவில் கார்டிஃபில் பியூட் மேற்குத் துறையைத் திறந்தார்.
• 1841: டாஃப் வேல் ரயில்வே கார்டிஃப்–மெர்தர் முழுமையாகத் திறப்பு. பொறியாளர்: புரூனல்.
• 1855: ரோண்டாவின் மேல்கோடியிலிருந்து நீராவி நிலக்கரியின் முதல் ரயில் கார்டிஃபுக்கு வந்தது. சில நூறு பேர் மட்டும் மேய்ச்சலை நம்பி வாழ்ந்த ரோண்டாவில் 1911இல் 1.5 லட்சத்துக்கும் மேற்பட்டோர் இருந்தனர்.
• நீராவி நிலக்கரியின் சிறப்பு: புகை குறைவு, வெப்பம் அதிகம். பிரிட்டிஷ் கடற்படை இதையே விரும்பியது. போர்ட் சயீத், ஏடன் போன்ற கரியேற்று நிலையங்களுக்கும் இங்கிருந்து போனது.
• 1889: பேரி துறைமுகம். கார்டிஃபின் நெரிசலும் கட்டணமும் பிடிக்காத சுரங்க முதலாளிகள், டேவிட் டேவிஸ் தலைமையில் கட்டியது. 1913இல் நிலக்கரி ஏற்றுமதியில் கார்டிஃபையே முந்தியது.
• 1913: தெற்கு வேல்ஸ் நிலக்கரி உற்பத்தியின் உச்சம், சுமார் 5.7 கோடி டன்.
• கார்டிஃப் துறைமுகத்தை ஒட்டிய 'டைகர் பே'யில் பல நாட்டு மாலுமிகள் குடியேறினர். பிரிட்டனின் மிகப் பழைய பல்லினக் குடியிருப்புகளுள் ஒன்று.
• 13 மே 1897: லாவர்னாக் முனைக்கும் ஃபிளாட் ஹோம் தீவுக்கும் இடையே மார்க்கோனி கம்பியில்லாச் செய்தி அனுப்பினார். கடலைக் கடந்த முதல் கம்பியில்லாத் தகவல் இதுவே.

9. தொழிலாளர் இயக்கம்

• 1898: ஆறு மாதக் கதவடைப்பில் தோற்ற பின், தெற்கு வேல்ஸ் சுரங்கத் தொழிலாளர் கூட்டமைப்பு உருவானது.
• 1900: மெர்தரிலிருந்து கெய்ர் ஹார்டி நாடாளுமன்றத்துக்குத் தேர்வு. தொழிலாளர் கட்சியின் முன்னோடி அமைப்பு வென்ற முதல் இரு இடங்களில் ஒன்று. இவர் 1907இல் இந்தியா வந்து சுற்றிப்பார்த்து, சுயாட்சிக்கு ஆதரவாகப் பேசினார்.
• டாஃப் வேல் வழக்கு (1901): 1900இல் நடந்த ரயில் வேலைநிறுத்தத்தால் ஏற்பட்ட நட்டத்துக்குத் தொழிற்சங்கமே பொறுப்பு எனப் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. சங்கம் 23,000 பவுண்டு இழப்பீடு தந்தது. விளைவு: சங்கங்கள் தொழிலாளர் கட்சியின் பக்கம் திரண்டன, 1906 தொழில் தகராறு சட்டம் சங்கங்களுக்குப் பாதுகாப்பு அளித்தது.
• இந்தியத் தொடர்பு: சென்னை பக்கிங்ஹாம்–கர்நாடிக் மில் நிர்வாகம், சென்னைத் தொழிலாளர் சங்கத்தின் (1918) பி.பி. வாடியா மீது வழக்குத் தொடுத்து உயர்நீதிமன்றத் தடையாணை பெற்றபோது எழுந்ததும் இதே கேள்விதான். 1926ஆம் ஆண்டு இந்தியத் தொழிற்சங்கச் சட்டம், பதிவு பெற்ற சங்கங்களுக்கு இத்தகைய வழக்குகளிலிருந்து பாதுகாப்புத் தந்தது.
• நவம்பர் 1910: டோனிபாண்டி கலவரம். அப்போதைய உள்துறை அமைச்சர்: வின்ஸ்டன் சர்ச்சில்.

10. இரு பேரழிவுகள்

சென்கெனித், 14 அக்டோபர் 1913
• நிலத்தடி வெடிப்பில் 439 தொழிலாளர்கள் இறந்தனர். மீட்கச் சென்ற ஒருவரும் உயிரிழந்தார். பிரிட்டிஷ் சுரங்க வரலாற்றின் மிக மோசமான விபத்து.
• இதே சுரங்கத்தில் 1901இல் ஏற்கெனவே 81 பேர் இறந்திருந்தனர். உற்பத்தியின் உச்ச ஆண்டும் விபத்தின் ஆண்டும் ஒன்றே (1913) என்பதைச் சேர்த்துப் படிக்கவும்.

அபர்வான், 21 அக்டோபர் 1966
• இது சுரங்கத்துக்குள் நடந்ததல்ல. மலைமேல் கொட்டிய சுரங்கக் கழிவு (7ஆம் எண் குவியல்), மழைநீரும் ஊற்றுநீரும் சேர்ந்து குழம்பாகி, காலை 9.15 மணியளவில் பான்ட்கிளாஸ் தொடக்கப் பள்ளியின் மேல் சரிந்தது.
• இறந்தோர் 144: குழந்தைகள் 116, பெரியவர்கள் 28.
• காரணம்: வரைபடத்திலேயே குறித்திருந்த ஊற்றுகளின் மேல் குவியல் போடப்பட்டது. 1967 விசாரணை ஆணையம் தேசிய நிலக்கரி வாரியமே பொறுப்பு என்றது. 1969இல் கழிவுக் குவியல்களுக்கான தனிச்சட்டம் வந்தது.
• எஞ்சிய குவியல்களை அகற்ற, மக்கள் தந்த நிவாரண நிதியிலிருந்தே 1,50,000 பவுண்டு எடுக்கப்பட்டது. அதே தொகை, வட்டியில்லாமல், 1997இல்தான் திருப்பித் தரப்பட்டது. 2007இல் வேல்ஸ் அரசு கூடுதல் நிதி வழங்கியது.

11. வீழ்ச்சியும் மாற்றமும்

• 1920களில் கப்பல்கள் எண்ணெய்க்கு மாறின. ஏற்றுமதிச் சந்தை சுருங்கியது. பெருமந்தத்தில் மெர்தர், ரோண்டா கடும் வேலையின்மையில் விழுந்தன. பல்லாயிரம் பேர் இங்கிலாந்துக்குக் குடிபெயர்ந்தனர்.
• 1947: சுரங்கங்கள் நாட்டுடைமை. 1984–85: பெரும் வேலைநிறுத்தம்; அதன் பின் சுரங்க மூடல்கள்.
• டவர் சுரங்கம்: மூடிய சுரங்கத்தை 1994–95இல் தொழிலாளர்களே தலைக்கு 8,000 பவுண்டு போட்டு வாங்கி, 2008 வரை நடத்தினர்.
• போர்ட் டால்பட்: 1951இல் ஆபி எஃகாலை திறப்பு, 2007இல் டாடா ஸ்டீல் வசம் வந்தது, 30 செப்டம்பர் 2024இல் கடைசி ஊதுலை நிறுத்தப்பட்டது. மாற்று: மின்வில் உலை.
• 1999: கார்டிஃப் விரிகுடாத் தடுப்பணை நிறைவு. ஓதச் சேற்று நிலம் நன்னீர் ஏரியானது.

12. நிர்வாக மாற்றங்கள்

• 1889: கிளமோர்கன் மாவட்ட மன்றம். கார்டிஃபும் சுவான்சீயும் தனி அந்தஸ்து பெற்றன, மெர்தர் 1908இல்.
• கார்டிஃப்: 1905இல் மாநகர், 1955இல் வேல்ஸின் தலைநகர். சுவான்சீ மாநகரானது 1969இல்.
• 1974: மத்திய, தெற்கு, மேற்கு கிளமோர்கன் என மூன்றாகப் பிரிப்பு.
• 1996: ஒற்றையடுக்கு மன்றங்கள் வந்தன. மூன்று கிளமோர்கன்களும் சடங்குமுறை நோக்கங்களுக்கு மட்டும் நீடிக்கின்றன.

13. பண்பாடு, ஆளுமைகள், விளையாட்டு

• பான்டிப்ரித் பாலம் (1756): வில்லியம் எட்வர்ட்ஸ் கட்டியது. 43 மீட்டர் ஒற்றை வளைவு. முந்தைய முயற்சிகள் சரிந்ததால், இருபுறத் தோள்களிலும் மூன்று மூன்று வட்டத் துளைகள் விட்டு எடையைக் குறைத்தார்.
• வேல்ஸ் தேசியகீதம்: 1856இல் பான்டிப்ரித்தில் தந்தை ஈவான் ஜேம்ஸ் பாடல் எழுத, மகன் ஜேம்ஸ் ஜேம்ஸ் இசையமைத்தார்.
• சுவான்சீயில் பிறந்தோர்: எரிபொருள் மின்கலத்தின் முன்னோடி வில்லியம் குரோவ் (1811), கவிஞர் டிலன் தாமஸ் (1914).
• கிளமோர்கன் கிரிக்கெட் கழகம் (1888): கவுண்டி சாம்பியன் பட்டம் 1948, 1969, 1997. 1968இல் சுவான்சீ மைதானத்தில், கிளமோர்கனின் மால்கம் நாஷ் ஓவரில் கேரி சோபர்ஸ் ஆறு சிக்ஸர் அடித்தார். அதே சாதனையை 1985இல் பம்பாயில் செய்த ரவி சாஸ்திரி, பின்னர் கிளமோர்கன் அணிக்கே ஆடினார்.

14. குழப்பம் தவிர்க்க

• அனைரின் பெவன் பிறந்த டிரெடிகர், 1839 சார்ட்டிஸ்ட் எழுச்சி நடந்த நியூபோர்ட், உலகப் பாரம்பரியச் சின்னமான பிளைனாவன்: மூன்றும் மான்மத்ஷயர், கிளமோர்கன் அல்ல.
• பென் அ வான் (886 மீ.) தெற்கு வேல்ஸின் உயரமான சிகரம், ஆனால் பிரெக்நாக்‌ஷயரில் உள்ளது.
• பெனிடேரன் 1804 = டிரெவிதிக். ஸ்டாக்டன்–டார்லிங்டன் 1825 = ஸ்டீவன்சன்.
• மம்பிள்ஸ் 1807 ரயில் குதிரையால் ஓடியது; நீராவியால் அல்ல.

15. ஒரு வரி வினா–விடை

• கேர்ஃபிலி கோட்டையைக் கட்டியவர்? – கில்பர்ட் டி கிளேர்
• டாஃப், ரோண்டா கூடும் ஊர்? – பான்டிப்ரித்
• 1801இல் வேல்ஸின் பெரிய ஊர்? – மெர்தர் டிட்வில்
• 'காப்பரோபொலிஸ்' எது? – சுவான்சீ
• டாஃப் வேல் தீர்ப்பை முறியடித்த சட்டம்? – 1906 தொழில் தகராறு சட்டம்
• பிரிட்டனின் மிக மோசமான சுரங்க விபத்து? – சென்கெனித், 1913
• அபர்வானில் இறந்த குழந்தைகள்? – 116
• தாது கிடைக்காத சுவான்சீயில் செம்பு ஆலைகள் வந்ததன் காரணம்? – கடலோர நிலக்கரி